ஐயர் யாருடைய ஆள்

நான் சட்டத்தரணியாகச் சத்தியப்பிரமாணம் செய்துகொண்டு ஒரு சீனியரிடம் சேர்ந்திருந்த காலத்தில், முதன்முதலாகத் தொடக்கத்திலிருந்து முடிவுவரை நான் நின்ற வழக்கு ஒரு பிள்ளையார் கோயிலுடையது. கோயில் தன் ஐயரை நிறுத்திவிட்டது. ஐயர் கோயிலைத் தொழில் நியாய சபைக்கு இழுத்துவிட்டார். நாங்கள் கோயில் பக்கம்.

சுனாமி வந்துபோய் ஒரு வருடம்கூட ஆகியிருக்கவில்லை. மட்டக்களப்பு நகரத்தில் இருந்த எங்கள் அலுவலக வாசலில் காலையில் நிற்பவர்களில் பாதிப்பேர் இறப்புச் சான்றிதழுக்கும், கடல் கொண்டுபோன காணி உறுதிப் பத்திரத்துக்கும் வந்தவர்கள். அவர்களுடைய கதைகளைக் கேட்டுவிட்டு மதியச் சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்த எனக்கு, ஒருநாள் வாசலில் நீளமாக ஹோர்ன் அடித்துக்கொண்டு வந்து நின்ற வெள்ளை வேன் பெரிய ஆறுதலாக இருந்தது. அதிலிருந்து இறங்கியவர் வண்ணக்கர். கோயில் நிர்வாகத்துக்குத் தலைவராக இருப்பவரை எங்கள் பக்கத்தில் அப்படித்தான் சொல்வோம். பட்டுச் சால்வை, நெற்றி நிறையத் திருநீறு, கதவு நிலையை அடைக்கிற உடம்பு. கதிரையில் உட்கார முன்னமே பேசத் தொடங்கிவிட்டார்.

"லோயர் ஐயா, அவர நான்தான் வெச்சன், நான்தான் நிப்பாட்டினன். இதுக்குள்ள கோட்டுக்கு என்ன வேல?"

சீனியர் பேனையை மூடி வைத்தார். "ஏன் நிப்பாட்டினீங்க?"

"தீட்டோட மூலஸ்தானத்துக்குள்ள போனவர்."

கோயில் இருந்த ஊர் கல்முனை வீதியில் குருக்கள்மடம் தாண்டி இருக்கிறது. ஒரு பக்கம் வாவி, மறுபக்கம் கடல், நடுவில் வீதியும் தென்னைகளும் வீடுகளும். கோயில் கடல் பக்கம். அலை வந்த காலையில் வண்ணக்கர் ஊரில் இல்லை. குடும்பத்தோடு கரடியனாற்றில் தன் வயல் வட்டைக்குப் போயிருந்தார். திரும்பி வந்து பார்த்தபோது அவருடைய வீடு நின்ற இடத்தில் கிணற்றுக்கட்டு மட்டும் இருந்தது. கோயிலின் முன்மண்டபம் விழுந்து, மூலஸ்தானம் இடுப்பளவு மணலுக்குள் நின்றது. பூசை செய்ய வேண்டிய ஐயர் கடற்கரையில் நின்றார். ஊர்ச்சனம் குழி வெட்டி அடக்க அடக்க, ஒவ்வொருவருக்கும் மந்திரம் சொல்லித் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தார்.

கோயில் பூசை செய்கிற ஐயர் செத்தவீட்டுக் கிரியைகள் செய்வதில்லை. அதற்கென்று வேறு குருக்கள் உண்டு. இவரோ அடக்கத்தின்போது நின்றதோடு விடவில்லை. முப்பத்தோராம் நாள் கிரியையையும் கேட்டு வந்தவர்களுக்கெல்லாம் கடற்கரையில் வைத்தே செய்து கொடுத்தார். இடையில், மூலஸ்தானத்து மணலைத் தன் கையாலேயே அள்ளிக் கொட்டிவிட்டுப் பிள்ளையாருக்கு விளக்கும் வைத்தார். நிர்வாக சபை அகதி முகாமாக இருந்த பள்ளிக்கூடத்து மரத்தின் கீழ் கூடி, இனி நீங்கள் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டது.

"சாத்திரம் சாத்திரம்தானே, புள்ள?" என்று வண்ணக்கர் என்னைப் பார்த்துக் கேட்டார். பிறகு சால்வையைச் சரிசெய்துகொண்டு, "என்னட்ட ஒரு சொல்லாவது கேட்டிருக்கலாம்," என்றார்.

சீனியர் யோசித்துவிட்டு வழியைச் சொன்னார். தொழில் நியாய சபை வேலையாட்களின் வழக்கைத்தான் கேட்கும். ஐயர் வேலையாளே இல்லை, கடவுளுக்குத் தொண்டு செய்பவர், நிர்வாகத்துக்கும் அவருக்கும் முதலாளி தொழிலாளி உறவு கிடையாது என்று சொன்னால் வழக்கு வாசலோடு போய்விடும்.

வண்ணக்கரின் முகம் சுருங்கியது. "அப்ப நான் ஆரு?"

"நீங்களும் கடவுளுக்குத் தொண்டு செய்யிற ஆள்."

"நானும் அவரும் ஒண்டா?"

"கோட்டுக்குள்ள மட்டும்," என்றார் சீனியர்.

முதல் விசாரணை நாளில் நான் வெள்ளனவே போய்ச் சபை வாசலில் நின்றேன். புதிதாகத் தைத்த கறுப்புக் கோட்டு கக்கத்தில் இறுக்கியது. வண்ணக்கரின் வேன் வந்தது. முன்கதவால் அவர் இறங்கினார். பின்கதவால், குடுமியை முடிந்துகொண்டு, கையில் சின்ன றேடியோவோடு ஒரு மெலிந்த மனிதர் இறங்கினார்.

"இவர் ஆர்?" என்று மெல்லக் கேட்டேன்.

"நம்மட ஐயர்தான்."

நான் அவரை ஓரமாக இழுத்தேன். "ஐயா, எதிர்த்தரப்போட ஒரே வேன்லயா வாறது?"

"மறுகா அவர் என்னெண்டு வாறது, புள்ள? காலம்ப்பற பஸ் இல்ல. செக்பொயின்ட்ல இறக்கி இறக்கி ஏத்துறாங்க. கல்லடிப் பாலத்தில வேற ஒரு மணித்தியாலம் நிக்கோணும். நான் வாற வேன்தானே."

ஐயர் என்னைப் பார்த்துக் கும்பிட்டார். "நீங்கதான் எனக்கு எதிரான லோயரா? நல்லா வருவீங்க," என்று ஆசீர்வாதமும் செய்தார். அவருக்கு நாற்பது வயது இருக்கும். ஓயாமல் பேசுவார். பிள்ளையாருக்கு அடுத்தபடியாக அவர் மனதில் இருந்தது கிரிக்கெட். வரும் வழியெல்லாம் இலங்கை அணியில் யாரை முதலில் இறக்குவது என்று இருவருக்கும் சண்டை நடந்திருந்தது. வண்ணக்கர் இன்னும் அந்தக் கோபத்தில்தான் இருந்தார். வழக்கு ஞாபகமே இல்லை.

அன்றைக்கு வழக்கு ஒத்திவைக்கப்பட்டது. பக்கத்து வேப்பமரத்தடியில் ஐயர் ஒரு வாழையிலைப் பொதியை அவிழ்த்தார். ஐயரின் மனைவி கட்டிக் கொடுத்த புளிச்சோறு. கூடவே இன்னொரு பொதியும் இருந்தது. இரண்டாவதை என் கட்சிக்காரர் எடுத்து, ஒரு பருக்கை விடாமல் சாப்பிட்டார்.

"அவர் வெளியில சாப்பிட மாட்டார். எனக்கு வெளிச் சாப்பாடு ஒத்துக்கொள்ளா," என்று எனக்கு விளக்கமும் சொன்னார்.

இந்த வழக்கில் இன்னொரு கூத்து எனக்குப் போகப்போகத்தான் விளங்கியது. ஐயரின் சட்டத்தரணி உயரமான, சிரிக்கத் தெரியாத மனிதர். அவர் ஐயரை 'வேலையாள்' என்று சொல்லும் ஒவ்வொரு முறையும் ஐயரின் முகம் வாடியது. ஒருநாள் வெளியில் வைத்து அவர் தன் சட்டத்தரணியிடம் கெஞ்சிக்கொண்டிருந்ததை நானே கேட்டேன். "சேர், அந்தச் சொல்ல மட்டும் விட்டுட்டுச் சொல்லேலாதா? என்ட அப்பா, அவர்ர அப்பா எல்லாம் கடவுளுக்குச் செய்தவங்க. என்னைப் போய் வேலையாள் எண்டா..."

"அந்தச் சொல்லை விட்டால் வழக்கே இல்லை, ஐயா."

ஆக, தன்னைக் கடவுளின் ஆள் என்று முழுமனதாக நம்பிய ஐயர், இல்லை, நான் வண்ணக்கரின் ஆள் என்று நிரூபிக்க வேண்டியிருந்தது. ஐயரைத் தன் ஆள் என்று முழுமனதாக நம்பிய வண்ணக்கர், இல்லை, அவர் கடவுளின் ஆள் என்று நிரூபிக்க வேண்டியிருந்தது. இரண்டு பேரும் தங்களுக்குப் பிடிக்காத பக்கத்தில் நின்று, ஒரே வேனில் வந்து போய்க்கொண்டிருந்தார்கள்.

வழக்கு இழுபட்டது. ஒருநாள் ஹர்த்தால். இன்னொருநாள் வீதியில் ஏதோ வெடித்துப் பாதை பூட்டு. பிறகு வாவிக்கு மேற்கே படுவான்கரையில் சண்டை மூண்டு, ஷெல் போகிற சத்தம் எங்கள் அலுவலகத்துக் கண்ணாடிகளை அதிர வைத்த மாதங்கள் வந்தன. சனம் கையில் கிடைத்ததைத் தூக்கிக்கொண்டு வாவியைத் தாண்டி இந்தக் கரைக்கு வந்தது. அந்தக் கோயில் வளவிலும் தறப்பாள் கொட்டில்கள் முளைத்தன. ஐயருக்குப் பதிலாக நகரத்திலிருந்து நிர்வாகம் கொண்டுவந்திருந்த இளம் ஐயர், சத்தம் தாங்காமல் ஒரு விடியற்காலையில் சொல்லாமலே போய்விட்டார்.

"அப்ப ஆர் பூசை செய்யிற?" என்று வண்ணக்கரிடம் கேட்டேன்.

"நான்தான் விளக்கு வெக்கிறன்." அவருக்குச் சொல்ல வெட்கமாகவும் இருந்தது, கோபமாகவும் இருந்தது. "நான் உள்ளுக்க நிண்டு செய்யக்குள்ள இவர் றோட்டில மதிலுக்கு அங்கால நிண்டு கத்துறார், புள்ள. 'வண்ணக்கர், பூ பிறகு! முதல்ல தண்ணி!' எண்டு. அகதிச் சனமெல்லாம் சிரிக்குது. இதுக்கு ஒரு தடையுத்தரவு எடுக்கேலாதா?"

எடுக்க ஏலாது என்று சொன்னேன். சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னதால் குரல் ஒருமாதிரி வந்தது.

ஐயர் சாட்சி சொல்லும் நாளில் சீனியருக்கு வாழைச்சேனையில் ஒரு காணி வழக்கு. "நீயே குறுக்கு விசாரணை செய். எழுதினதை மட்டும் கேள்," என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். என் முதல் குறுக்கு விசாரணை. எழுந்து நின்றேன்.

"கோயில் பூசகர் செத்தவீட்டுக் கிரியை செய்யக்கூடாது என்பது உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"தெரிந்துகொண்டே செய்தீர்களா?"

"ஓம்."

எனக்கு உற்சாகம் வந்துவிட்டது. "அதற்கென்று உள்ள குருக்களைக் கூப்பிட்டிருக்கலாம் அல்லவா?"

"கூப்பிடத்தான் போனன். அவர்ர வீடு இருந்த இடம் தெரியல்ல. பின்னேரம் அவரையும் பனங்காட்டுக்குள்ள எடுத்தாங்க. முதல்ல அவருக்குத்தான் செய்தன்."

அதோடு நான் உட்கார்ந்திருக்க வேண்டும். ஆனால் அடுத்த கேள்வி எழுதியிருந்ததே, கேட்டுவிட்டேன். "இப்படி எத்தனை பேருக்குச் செய்தீர்கள்?"

எப்போதும் அசைந்துகொண்டே இருக்கும் அவர் கைகள் கூண்டுக் கம்பியில் அப்படியே இருந்தன.

"எண்ணல்ல, புள்ள," என்றார்.

சபையில் சட்டத்தரணியை அப்படிக் கூப்பிடக்கூடாது. ஆனால் யாரும் அவரைத் திருத்தவில்லை. சுருக்கெழுத்தாளர் கையை நிறுத்திவிட்டார். சபைத் தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைக்கத் தொடங்கினார். எங்கள் பெரியம்மா கல்லடியில் இருந்தவர். அலைக்குப் பிறகு அவரை அடக்கியபோது நான் போயிருந்தேன். இராணுவ வாகனமும், மண்வெட்டியோடு இரண்டு பேரும், முகத்தில் துணி கட்டிய நாங்களும்தான் நின்றோம். ஒரு சொல் சொல்ல அங்கே ஆள் இருக்கவில்லை. நான் கேள்விகள் முடிந்தன என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தேன். பின்வரிசையைத் திரும்பிப் பார்த்தேன். வண்ணக்கர் சால்வையால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

அடுத்த தவணையில் வண்ணக்கரின் சாட்சியம். சீனியர் வந்துவிட்டார். 'அவர் கடவுளின் தொண்டர், எங்களுக்குக் கீழ் வேலை செய்பவர் அல்லர்' என்ற வசனத்தை வண்ணக்கருக்கு நான்தான் பழக்கியிருந்தேன். கூண்டில் ஏறியதும் அதைப் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி அழகாகச் சொன்னார். சீனியர் திருப்தியோடு உட்கார்ந்தார்.

சிரிக்கத் தெரியாத எதிர்ச் சட்டத்தரணி அன்றைக்கு முதல்முறையாகச் சிரித்துக்கொண்டு எழுந்தார்.

"வண்ணக்கர் ஐயா, கோயிலில் காலைப் பூசை எத்தனை மணிக்கு?"

"ஆறுக்கு."

"அந்த நேரத்தைத் தீர்மானித்தது யார்?"

"நான்."

"ஐயர் இரண்டு நாள் ஊருக்குப் போக வேண்டுமென்றால்?"

"என்னட்டக் கேக்கோணும்."

"பிள்ளையாரிடம் கேட்டால் போதாதா?"

சபையில் சிரிப்பு எழுந்தது. வண்ணக்கரின் கழுத்து நிமிர்ந்தது. சீனியர் இருமினார். வண்ணக்கர் அந்தப் பக்கமே திரும்பவில்லை.

"பிள்ளையார் பேச மாட்டார். நான்தான் பேசுவன். என்ட சொல் இல்லாம அந்தக் கோயில்ல மணி அசையாது."

"அப்படியானால் இவரை நிறுத்தியது தீட்டுக்காகத்தானா?"

"தீட்டுக்குப் பரிகாரம் இரிக்கி. செய்தாச் சரி. செய்யிறதுக்கு முதல் என்னட்ட ஒரு வார்த்தை கேட்டாரா? கேக்கல்ல. கரடியனாத்துக்கு ஆளனுப்பியாவது கேட்டிருக்கலாமே!"

"அன்றைக்கா?"

வண்ணக்கர் ஐயர் இருந்த பக்கம் பார்த்தார்.

"கடைசிக் கேள்வி, ஐயா. இவர் யாருடைய ஆள்?"

"என்ட ஆள்தான்! வேற ஆர்ர ஆள்?"

சீனியர் கண்ணை மூடிக்கொண்டார். வண்ணக்கர் கூண்டிலிருந்து இறங்கி வந்து, வியர்த்த முகத்தோடு என்னிடம் குனிந்து, "எப்பிடி? நல்லாச் சொன்னன்தானே?" என்று கேட்டார். "ஓம்" என்றேன். வேறு எதைச் சொல்வது?

தீர்ப்பு வந்தபோது படுவான்கரையில் சண்டை ஓய்ந்து, கோயில் வளவிலிருந்த சனம் கொட்டில்களைக் கழற்றிக்கொண்டு ஊருக்குத் திரும்பத் தொடங்கியிருந்தது. தலைவர் மெல்லிய குரலில் வாசித்தார். பூசை நேரம், விடுமுறை, கட்டளை எல்லாம் நிர்வாகத்தின் கையிலேயே இருந்திருக்கிறது. ஆகவே ஐயர் நிர்வாகத்தின் வேலையாள். அவரை நிறுத்தியது நியாயமில்லை. மீண்டும் வேலையில் சேர்க்க வேண்டும்.

நாங்கள் தோற்றுவிட்டோம். வெளியில் வந்து வண்ணக்கரின் முகத்தைப் பார்க்கவே பயமாக இருந்தது. பார்த்தால், மனிதர் பூரித்துப்போய் நின்றார்.

"கேட்டீங்களா, லோயர் ஐயா? கட்டளை என்ட கையில எண்டு தலைவரே சொல்லிப்போட்டார்."

"அப்பீல் செய்யலாம்," என்றார் சீனியர் தயங்கிக்கொண்டே.

"எதுக்கு? வெண்டுட்டமே!"

ஐயர் வேப்பமரத்தடியில் தனியாக நின்றார். வென்றவருக்குரிய களை ஒன்றும் முகத்தில் இல்லை. நான் போய், "சந்தோசம்தானே, ஐயா?" என்றேன்.

"சந்தோசம்தான், புள்ள. கோயிலுக்குள்ள போகலாம்." பிறகு குரலைத் தாழ்த்தி, "ஆனா வேலையாள் எண்டு எழுதியே போட்டாங்களே," என்றார்.

வண்ணக்கர் வேனின் ஹோர்னை அடித்தார். "ஐயா, ஏறுங்க. பொழுதுபட முதல் பாலத்தத் தாண்டோணும்." தோற்றவர் சிரித்துக்கொண்டும் வென்றவர் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டும் ஊருக்குப் போனார்கள்.

ஒரு நல்ல நாள் பார்த்துத் தீட்டுக்குப் பரிகாரம் செய்தார்கள். அதற்கு வேறு ஊரிலிருந்து ஒரு பெரிய குருக்களை வண்ணக்கரே கூட்டிக்கொண்டு வந்தார். என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். கும்பத்துத் தண்ணீரை ஐயரின் தலையில் ஊற்றியபோது, அவர் கடற்கரையில் தண்ணீர் தெளித்து அனுப்பியவர்களின் வீட்டுக்காரர்கள் ஒருவர் பாக்கியில்லாமல் வந்து நின்றார்கள். யாரும் அழவில்லை. பூசை முடிந்ததும் சர்க்கரைப் பொங்கலுக்குத் தள்ளுப்பட்டார்கள். நானும்தான் தள்ளுப்பட்டேன்.

யுத்தம் நாடு முழுவதும் முடிந்து சில காலத்துக்குப் பிறகு, நான் சொந்தமாக அலுவலகம் திறந்திருந்தேன். வாசலில் அதே ஹோர்ன் கேட்டது. வண்ணக்கர் இளைத்திருந்தார். குரல் மட்டும் அப்படியே இருந்தது.

"புள்ள, ஒரு கேஸ் போடோணும். ஐயர் சுவிசுக்குப் போகப்போறாராம். அங்க நம்மட சனம் கட்டின கோயில்ல கேட்டிருக்காங்க. விசாவும் வந்துட்டு."

"நல்லதுதானே?"

"என்ன நல்லது? அவர் என்ட வேலையாள் எண்டு தீர்ப்பிருக்குத்தானே? அப்ப எப்பிடி அவர் போறது? அந்தத் தீர்ப்ப வெச்சு நிப்பாட்டுவம்."

வேலையாள் என்றால், விருப்பமானபோது வேலையை விட்டுப் போகிற உரிமையும் அவருக்கு உண்டு என்று நான் விளக்கினேன். இரண்டு முறை சொல்ல வேண்டியிருந்தது. அவர் கூரையில் ஓடிய மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு இருந்தார்.

"உங்களிட்டக் கேட்டவரா, ஐயா?"

"கேட்டவர். முதல்ல என்னட்டத்தான் வந்து கேட்டவர். ரெண்டு பொம்பிளைப் புள்ளைகள் இரிக்கி, படிப்பிக்கோணும், போகவா எண்டு கேட்டார்."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"போங்க எண்டு சொல்லிட்டன்." சொல்லிவிட்டு எழுந்து சன்னலோரம் போய், வாவியைப் பார்த்தபடி நின்றார். அங்கே ஒருவர் தோணியில் நின்று வலை வீசிக்கொண்டிருந்தார். வலை விரிந்து விழும்வரை பார்த்துவிட்டுத் திரும்பினார். "அங்க பனியாமே. இந்த மனிசன் மேலில சட்டையில்லாம நிண்டு பூசை செய்து பழகின ஆள். ஒரு கம்பளிச் சட்டை வாங்கோணும். இந்த ஊரில எங்க வாங்குற?"

நான் அலுவலகத்தைப் பூட்டிவிட்டு அவரோடு போனேன். நகரத்துக் கடைகளில் ஒன்றும் இல்லை. கேட்ட இடமெல்லாம் சிரித்தார்கள், வெயில் அப்படி. கடைசியில் காத்தான்குடியில் ஒரு துணிக்கடைக்காரர் மேல்தட்டில் ஏறித் தேடி, தூசு தட்டி, ஒரு தடித்த சுவெற்றரை எடுத்துப் போட்டார். சாம்பல் நிறம்.

"நுவரெலியாவில இருந்து எடுத்தது, அண்ணன். யாருக்கு?"

"நம்மட ஐயருக்கு."

"அவருக்கு இது பெரிசாக இருக்குமே," என்றேன் நான்.

வண்ணக்கர் அதை விரித்து, தன் நெஞ்சில் வைத்து, கைகளின் நீளத்தைப் பார்த்தார். அந்தப் புழுக்கத்தில் அவருக்கு அப்போதே வியர்க்கத் தொடங்கியது.

"பெரிசு நல்லம்," என்றார். "அங்க போய்ச் சாப்பிட்டுக் கொழுப்பார்தானே. கட்டுங்க, தம்பி."